லைஃப்ஹவுஸ்: கைவிடப்பட்ட படைப்பின் துல்லியப் பிரதிகள்

தி ஹூ குழுவின் ‘பாபா ஓ’ரைலி’ பாடலை ஒருமுறை கேட்டவர்கள் அதன் முதல் அரை நிமிடத்தை மறப்பதில்லை. குரல் வருவதற்கு முன்னால், டிரம்ஸ் விழுவதற்கு முன்னால், மின்னிசைச் சரடு ஒன்று தன்னந்தனியாகத் துள்ளி ஓடுகிறது. அது பிறந்த விதம் பற்றி ராக் ரசிகர்களிடையே ஒரு கதை நெடுநாளாக உலவுகிறது. குழுவின் கிதார் கலைஞரும் பாடலாசிரியருமான பீட் டவுன்ஷெண்ட் தன் குருவான மெஹர் பாபாவின் உடல் அளவுகளையும் வாழ்க்கை விவரங்களையும் ஒரு சின்தசைசருக்குள் செலுத்தினாராம். கருவி தானாகவே இந்த இசையைத் தந்ததாம். நல்ல கதை. நடந்தது வேறு. லாவ்ரி நிறுவனத்தின் வீட்டு உபயோக ஆர்கன் ஒன்றில் ‘மரிம்பா ரிபீட்’ என்றொரு வசதி இருந்தது. அதைப் போட்டுவிட்டு விசையை அழுத்திப் பிடித்தால் சுரம் விட்டுவிட்டு அதிரும். டவுன்ஷெண்ட் அதைப் போட்டுவிட்டுத் தன் கையாலேயே வாசித்தார்.

இதற்கு ஒலிப்பதிவே சாட்சி. 1971-ல் ‘ஹூஸ் நெக்ஸ்ட்’ தட்டில் வந்த பாடல் ஐந்து நிமிடம்தான். அதற்கு ஆதாரமான வீட்டுப் பதிவின் நீண்ட வடிவம் 9 நிமிடம் 48 விநாடி ஓடுகிறது. அதை முழுதாகக் கேட்கும்போது, எண்களை மென்று துப்பும் இயந்திரம் எதுவும் தென்படவில்லை. விரல்கள் எதையோ தேடுகின்றன. ஓர் அமைப்பைப் பிடிக்கின்றன, கொஞ்ச நேரம் அதிலேயே சுற்றுகின்றன, சலித்து அடுத்ததற்குத் தாவுகின்றன. சுருக்கிய பாடலில் இந்தத் தேடல் பெரும்பாலும் வெட்டுப்பட்டுவிட்டது. நீண்ட பதிவு நமக்குக் கிடைத்திராவிட்டால் அந்தக் கதையே வரலாறாக நிலைத்திருக்கும்.

‘பாபா ஓ’ரைலி’ தனிப்பாடலாக எழுதப்பட்டதல்ல. ‘லைஃப்ஹவுஸ்’ என்ற பெரிய திட்டத்தின் ஒரு துண்டு அது. திரைப்படமாக, நாடகமாக, இரட்டை இசைத்தட்டாக, பார்வையாளரும் கலைஞரும் கலந்து நடத்தும் தொடர் கச்சேரியாக எல்லாம் சேர்ந்து ஒன்றாக வரவேண்டியிருந்த திட்டம், 1971-ன் வசந்தத்தில் கைவிடப்பட்டது. அதன் எச்சங்கள் அரை நூற்றாண்டாகப் பல வடிவங்களில் தொகுக்கப்பட்டு வந்திருக்கின்றன: திருட்டு இசைத்தட்டு, கேசட், குறுந்தட்டு, ஃபிளாக் கோப்பு, கடைசியாக 2023-ல் பத்துக் குறுந்தட்டும் ஒரு புளூ-ரே தட்டும் கொண்ட பெரும் பெட்டி. ஒரு படைப்பு முடிவடையவே இல்லை என்றால் அதன் எச்சங்களை அட்சரம் பிசகாமல் பாதுகாப்பதில் எதைப் பாதுகாக்கிறோம்?

முதலில் திட்டத்தைப் பார்ப்போம். 1969-ல் வந்த ‘டாமி’ என்ற ராக் ஆபெரா தி ஹூ குழுவைப் பணத்திலும் புகழிலும் தூக்கி நிறுத்தியது. அடுத்தது அதைவிடப் பெரிதாக இருக்க வேண்டும் என்ற நெருக்கடியில் டவுன்ஷெண்ட் 1970-ல் லைஃப்ஹவுஸை எழுதத் தொடங்கினார். கதை எதிர்காலப் பிரிட்டனில் நடக்கிறது. காற்று மாசுபட்டுவிட்டது. மக்கள் வீட்டுக்குள் அடைபட்டு, உடலோடு ஒட்டிய உடுப்புகளில் வாழ்கிறார்கள். ‘கிரிட்’ எனப்படும் வலைப்பின்னல் அந்த உடுப்புகளின் வழியாக உணவையும் தூக்கத்தையும் தயாரித்துவைத்த அனுபவங்களையும் ஊட்டுகிறது. ராக் இசை மறக்கடிக்கப்பட்டிருக்கிறது. பாபி என்ற கலகக்காரன் லைஃப்ஹவுஸ் என்ற அரங்கில் ஆட்களைத் திரட்டி நேரடி இசையை மீட்கப் பார்க்கிறான். ஸ்காட்லாந்துப் பண்ணை ஒன்றிலிருந்து மேரி என்ற பெண் அங்கே ஓடிப்போகிறாள். அவளுடைய பெற்றோர் ரேயும் சாலியும் மகளைத் தேடிக் கிளம்புகிறார்கள். அரங்கில் ஒவ்வொருவரின் விவரத்திலிருந்தும் அவரவருக்கான இசை உருவாக்கப்படுகிறது. எல்லா இசையும் கூடி ஒற்றைச் சுரமாகும் தருணத்தில் ராணுவம் கதவை உடைக்கிறது. உள்ளே யாரும் இல்லை.

இணையம் வருமுன் இணையத்தைக் கண்டவர் என்று டவுன்ஷெண்டைப் புகழ்வது வழக்கமாகிவிட்டது. எனக்கு அந்தப் புகழ்ச்சியில் பெரிய ஈர்ப்பு இல்லை. ஈலிங் கலைப் பள்ளியில் அவர் படித்த காலத்தில் ராய் ஆஸ்காட் அங்கே சைபர்னெடிக்ஸ் சிந்தனையைப் பாடமாக நடத்திக்கொண்டிருந்தார். வலைப்பின்னல், பின்னூட்டம் என்ற கருத்துகள் அங்கிருந்து வந்தவை. ஒற்றைச் சுரம் என்ற கருத்து ஹஸ்ரத் இனாயத் கானிடமிருந்து வந்தது. பரோடாவில் 1882-ல் பிறந்த வீணைக் கலைஞர், பின்னாளில் மேலை நாடுகளுக்கு சூஃபி மரபை எடுத்துச் சென்றவர். (அவருடைய தாத்தா மௌலா பக்ஷ் தென்னிந்தியாவில் கர்நாடக இசை பயின்றவர் என்பது நமக்குச் சற்று நெருக்கமான செய்தி.) மூன்றாவது ஊற்று மெஹர் பாபா. புனேயில் 1894-ல் பிறந்து, 1925 முதல் 1969-ல் மறையும்வரை வாய் திறந்து ஒரு சொல்லும் பேசாதிருந்தவர். ஒலியைப் பற்றிய இவ்வளவு ஆரவாரமான திட்டத்துக்கு ஒரு மௌனி குருவாக அமைந்ததை டவுன்ஷெண்ட் முரணாகக் கருதியதாகத் தெரியவில்லை.

1971 ஜனவரியில் லண்டன் யங் விக் அரங்கில் திட்டம் பத்திரிகையாளர்களுக்கு அறிவிக்கப்பட்டது. வாட்டர்லூ பகுதியில் அதற்கு முந்தைய ஆண்டுதான் திறக்கப்பட்டிருந்த சிறிய அரங்கு அது. குழு அங்கே அவ்வப்போது இசைக்கும், வருகிறவர்களோடு உறவு வளரும், அந்த உறவிலிருந்து கதையும் பாட்டும் திரளும், அதைப் படம்பிடிக்கலாம் என்பது எண்ணம். வந்தவர்கள் பழைய பாட்டைக் கேட்டார்கள். குழுவும் கொஞ்ச நேரத்தில் அதையே வாசிக்கத் தொடங்கிவிட்டது. சக கலைஞர்களான ரோஜர் டால்ட்ரிக்கும் ஜான் என்ட்விசிலுக்கும் கீத் மூனுக்கும் கதை புரியவில்லை. புரியும்படி சொல்லும் திறன் அப்போது தனக்கு இல்லை என்று டவுன்ஷெண்டே பின்னாளில் பலமுறை ஒப்புக்கொண்டிருக்கிறார்.

மார்ச் மாதம் நியூயார்க்கின் ரெக்கார்ட் பிளான்ட் ஒலிப்பதிவுக்கூடத்தில் மேலாளர் கிட் லாம்பர்ட்டின் மேற்பார்வையில் பதிவு தொடங்கியது. ‘டாமி’யைப் படமாக இயக்கும் கனவு லாம்பர்ட்டுக்கு, லைஃப்ஹவுஸில் மனம் இல்லை, போதைப் பழக்கம் வேறு. டவுன்ஷெண்ட் மனம் உடைந்து லண்டன் திரும்பினார். ஒலிப்பதிவுப் பொறியாளர் கிளின் ஜான்ஸ் பொறுப்பேற்றார். கதையை விட்டுவிடுங்கள், பாட்டு நன்றாக இருக்கிறது, ஒரே தட்டாகப் போடுங்கள் என்றார். அப்படி வந்ததுதான் 1971 ஆகஸ்டின் ‘ஹூஸ் நெக்ஸ்ட்’. ஒன்பது பாடல்கள், என்ட்விசில் எழுதிய ‘மை வைஃப்’ நீங்கலாக எட்டும் லைஃப்ஹவுஸுக்காக எழுதியவை. பிரிட்டனின் விற்பனைப் பட்டியலில் தி ஹூ முதலிடம் பிடித்த ஒரே ஆல்பம் அது. திட்டத்தின் தோல்வியிலிருந்து குழுவின் மிகச் சிறந்த தட்டு பிறந்ததால், தோல்வியை யாரும் துக்கமாகப் பேசவில்லை, டவுன்ஷெண்டைத் தவிர.

மிச்சப் பாடல்கள் சிதறின. திட்டத்தின் மையப் பாடலான ‘ப்யூர் அண்ட் ஈஸி’ தட்டில் இடம் பெறவே இல்லை. ‘லெட்ஸ் சீ ஆக்ஷன்’, ‘ஜாய்ன் டுகெதர்’, ‘ரிலே’ ஆகியவை 1971, 1972 ஆண்டுகளில் ஒற்றைத் தட்டுகளாக வந்தன. 1974-ல் என்ட்விசில் தொகுத்த ‘ஆட்ஸ் அண்ட் சாட்ஸ்’ என்ற உதிரித் தொகுப்பில் மூன்று பாடல்கள் வெளிப்பட்டன. 1983-ல் ‘ஸ்கூப்’ என்ற டெமோத் தொகுப்பில் இன்னும் சில. இந்தச் சிதறலில் ஒரு பாதை மட்டும் தனியாகக் கவனிக்கத்தக்கது. மெஹர் பாபா அன்பர்களுக்காக டவுன்ஷெண்டும் நண்பர்களும் குறைந்த எண்ணிக்கையில் தனிச்சுற்றுக்கு வெளியிட்ட இசைத்தட்டுகள் உண்டு: 1970-ல் ‘ஹாப்பி பர்த்டே’, 1972-ல் ‘ஐ ஆம்’. நான் மேலே சொன்ன 9 நிமிடம் 48 விநாடிப் பதிவு முதலில் வெளிவந்தது இந்த இரண்டாவது தட்டில்தான். பக்தர்களுக்கான தட்டு, ரசிகர்கள் கைக்குப் போயிற்று. அங்கிருந்து திருட்டுத் தட்டாகப் பெருகியது. அதற்குப் பதிலடியாகத்தான் ‘ஹூ கேம் ஃபர்ஸ்ட்’ என்ற முறையான தனி ஆல்பம் 1972-ல் வந்தது. ‘ப்யூர் அண்ட் ஈஸி’யின் டெமோ அதில் முதல் பாடல். திருட்டுப் பிரதி முன்னால் போக, நிறுவனம் பின்னால் ஓடிவருவது லைஃப்ஹவுஸ் வரலாற்றில் அன்றே தொடங்கிவிட்டது.

திருட்டுப் பிரதியின் உண்மையான சிக்கல் சட்டத்தில் மட்டும் இல்லை, காதிலும் இருந்தது. காந்த நாடாவிலிருந்து நாடாவுக்குப் பிரதி எடுக்கும் ஒவ்வொரு முறையும் மேல்சுருதிகள் மங்கும், இரைச்சல் கூடும், ஓட்ட வேகம் சற்றே பிசகும். நம் ஊர் ரெக்கார்டிங் சென்டரில் பதிந்து வாங்கிய கேசட்டை நண்பனுக்கும், அவன் தன் நண்பனுக்கும் பதிந்து கொடுத்த காலத்தில் வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மூன்றாவது கையில் வயலின் குழலாகிவிடும். வேகப் பிசகு ஆராய்ச்சிக்கே உலை வைக்கும். வேகம் சுமார் ஆறு விழுக்காடு மாறினால் அரைச் சுரம் ஏறும் அல்லது இறங்கும். ‘பாபா ஓ’ரைலி’ எஃப் சுருதியில் அமைந்தது. அதே பாடல் ஒரு கேசட்டில் ஈ சுருதியில் ஒலித்தால், டவுன்ஷெண்ட் வேறு சுருதியில் முயன்று பார்த்தார் என்று ஒருவர் எழுதிவிடலாம். உண்மையில் யாருடைய கேசட் கருவியோ தளர்ந்து ஓடியிருக்கும்.

இந்தச் சீரழிவுக்குத் தொழில்நுட்பம் சொன்ன விடைதான் இழப்பற்ற ஒலிக்கோப்பு. குறுந்தட்டில் ஒவ்வொரு விநாடிக்கும் 44,100 மாதிரிகள், மாதிரிக்கு 16 பிட், இரண்டு தடங்கள். விநாடிக்கு சுமார் 1,411 கிலோபிட். எம்பி3 இதை 128 கிலோபிட்டுக்கு ஒடுக்கும்போது பதினொன்றில் ஒரு பங்கே மிஞ்சுகிறது. காது கவனிக்காது என்று கணக்கிட்டவற்றை அது கழித்துவிடுகிறது. கழித்தது திரும்ப வராது. இழப்பற்ற முறை எதையும் கழிப்பதில்லை. 1990-களில் கேம்பிரிட்ஜின் டோனி ராபின்சன் உருவாக்கிய ‘ஷார்ட்டன்’ இவ்வகையில் பரவலாகப் புழங்கிய முன்னோடி. கிரேட்ஃபுல் டெட் போன்ற குழுக்களின் கச்சேரிப் பதிவுகளைப் பரிமாறிக்கொண்டவர்கள் அதைத்தான் முதலில் கையில் எடுத்தார்கள். ஜோஷ் கோல்சன் உருவாக்கிய ‘ஃபிளாக்’ 2001-ல் முதல் முழுப் பதிப்பாக வந்தது. கட்டணமில்லாதது, திறந்த மூலம் கொண்டது. சில ஆண்டுகளில் ஷார்ட்டன் ஓரம்கட்டப்பட்டது.

ஃபிளாக் வேலை செய்யும் விதத்தை இங்கே சற்று விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது, ஏனென்றால் என் வாதம் அதில்தான் நிற்கிறது. ஒலியைச் சில ஆயிரம் மாதிரிகள் கொண்ட கட்டங்களாகப் பிரித்துக்கொள்கிறது. ஒவ்வொரு கட்டத்திலும், முன்னால் வந்த மாதிரிகளை வைத்து அடுத்தது என்னவாக இருக்கும் என்று கணிக்கிறது. கணிப்புக்கும் உண்மைக்கும் உள்ள வேறுபாட்டை மட்டும், நாசாவின் ஜேபிஎல் ஆய்வகத்தில் ராபர்ட் ரைஸ் வகுத்த குறியீட்டு முறையில் சுருக்கி எழுதுகிறது. திறக்கும்போது அதே கணிப்பைச் செய்து வேறுபாட்டைக் கூட்டினால் மூல எண்கள் ஒன்றுகூடப் பிசகாமல் திரும்பிவிடும். விரிக்கப்பட்ட ஒலிக்கான எம்டி5 கைரேகையும் கோப்பின் தலைப்பிலேயே இருக்கிறது. பிரதி கெட்டிருந்தால் தெரிந்துவிடும். கேசட் உலகம் கனவிலும் காணாத உத்தரவாதம் இது. நூறாவது கையில் இருப்பவரும் முதல் ஆளிடம் இருந்த அதே எண்களை வைத்திருக்கிறார் என்று நிறுவ முடிகிறது.

ஆனால் இந்த முறையில் எது எளிதாகச் சுருங்கும், எது சுருங்காது? சீரான, திரும்பத் திரும்ப வரும் ஒலி எளிதில் கணிக்கப்படுகிறது. கணிக்கவே முடியாதது நாடா இரைச்சல். ஆகவே மூன்றாம் கைக் கேசட்டிலிருந்து ஆக்கிய ஃபிளாக் கோப்பில் கணிசமான இடத்தை அந்தக் கேசட்டின் இரைச்சலே பிடித்துக்கொள்கிறது. பாட்டைவிட அழுக்குக்கு அதிக இடம். நல்ல ஒலிநாடாவிலும் ஒலிக்கும் இரைச்சலுக்கும் இடையே கிடைக்கும் இடைவெளி 60, 70 டெசிபல் அளவுதான். 16 பிட் குறுந்தட்டு 96 டெசிபல் தாங்கும். 1971-ன் நாடாவை 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் அளவில், விநாடிக்கு 4,608 கிலோபிட் என்று எடுத்துவைக்கும்போது கூடுதலாகக் கிடைக்கும் பிட்டுகளில் மிகப் பெரும்பாலானவை நாடாவின் சரசரப்பைத்தான் மிக நுட்பமாக எழுதிவைக்கின்றன. ஆவணக் காப்பகம் அப்படிச் செய்வது சரி. நாளை யாராவது இரைச்சலை இன்னும் நன்றாகப் பிரித்தெடுக்கும் வழி காணலாம். கேட்பவர் அந்த எண்ணைப் பார்த்து, படைப்புக்கு அவ்வளவு அருகில் போய்விட்டதாக நினைத்துக்கொள்வதுதான் பிழை.

இதனால்தான் பரிமாறிக்கொள்பவர்களிடம் ‘லீனியேஜ்’ என்ற வழக்கம் வேரூன்றியது. எந்த நாடா, எத்தனையாவது பிரதி, எந்தக் கருவியில் ஓட்டப்பட்டது, எந்த மாற்றி வழியாக எண்ணாக்கப்பட்டது, பிறகு வேகம் திருத்தப்பட்டதா என்பதை ஒரு குறிப்புக் கோப்பில் எழுதி இசையோடு சேர்த்து அனுப்புவார்கள். பெரும்பாலும் பெயர் தெரியாத ஆட்கள். உ.வே.சா. ஏடு தேடியலைந்து, எந்தச் சுவடி எவர் வீட்டில் கிடைத்தது என்று முன்னுரையில் எழுதிய பண்பாட்டில் வந்த நமக்கு இந்த ஒழுக்கத்தின் அருமை தெரியும். மோசடியும் உண்டு. எம்பி3 கோப்பை விரித்து ஃபிளாக் என்று பெயரிட்டு விடுவார்கள். அலைமாலைப் படத்தில் பார்த்தால் 16 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் கத்தியால் அறுத்ததுபோல் வெறுமை தெரியும். உறை இழப்பற்றது, உள்ளே இருப்பது இழந்தது. ஒரு கோப்பின் நம்பகம் அதன் வடிவத்தைவிட அதன் பிறப்புக் குறிப்பில்தான் இருக்கிறது.

இனி முறையான தொகுப்புகள். பெரியவை இரண்டு. இரண்டும் ஒரே திட்டத்தின் பெயரைத் தாங்கியவை, ஆனால் காட்டுவது இரண்டு வெவ்வேறு படைப்புகளை. 1999 டிசம்பர் 5 அன்று பிபிசி ரேடியோ 3 லைஃப்ஹவுஸை வானொலி நாடகமாக ஒலிபரப்பியது. டவுன்ஷெண்டோடு சேர்ந்து எழுதியவர் ஜெஃப் யங். அதையொட்டி 2000-ல் டவுன்ஷெண்ட் ‘லைஃப்ஹவுஸ் க்ரானிக்கிள்ஸ்’ என்ற ஆறு குறுந்தட்டுப் பெட்டியை வெளியிட்டார். முதல் இரண்டில் டெமோக்கள், அடுத்த இரண்டில் சோதனைகளும் வாத்தியக் கோவைகளும், கடைசி இரண்டில் வானொலி நாடகம். டெமோத் தட்டுகளின் பாடல் வரிசையைப் பார்த்தால் ஒன்று உறுத்துகிறது. ‘ஸ்லிப் கிட்’ 1975-ல் வந்த பாடல். ‘ஹூ ஆர் யூ’, ‘சிஸ்டர் டிஸ்கோ’, ‘மியூசிக் மஸ்ட் சேஞ்ச்’ ஆகியவை 1978-ன் ஆல்பத்தில் வந்தவை. 1971-ல் செத்துப்போன திட்டத்துக்குள் இவை எப்படி வந்தன? டவுன்ஷெண்டைப் பொறுத்தவரை திட்டம் சாகவில்லை. எழுபதுகளின் பிற்பாதியில் அதைத் திரும்பவும் எழுதிப் பார்த்தார், அதற்குப் புதுப் பாடல்கள் தந்தார். 2000-ன் பெட்டி 55 வயதை நெருங்கிய ஒருவர் 25 வயதுத் தன்னைத் திருத்தி எழுதியது.

2023 செப்டம்பரில் வந்த ‘ஹூஸ் நெக்ஸ்ட் / லைஃப் ஹவுஸ்’ பெட்டி எதிர்த்திசையில் போகிறது. மொத்தம் 155 பதிவுகள். அவற்றில் 89 அதுவரை வெளிவராதவை. டெமோக்கள் 1970, 1971 ஆண்டுகளுக்குள் நிறுத்தப்பட்டுள்ளன. ரெக்கார்ட் பிளான்ட் பதிவுகள் ஓரிடம், ஒலிம்பிக் ஒலிப்பதிவுக்கூடப் பதிவுகள் ஓரிடம், யங் விக் கச்சேரி ஓரிடம், 1971 டிசம்பரில் சான் பிரான்சிஸ்கோவில் நடந்த கச்சேரி ஓரிடம் என்று இடமும் காலமும்தான் ஒழுங்கு. கதையைத் தனியே ஒரு சித்திர நாவலாகச் சேர்த்துவிட்டார்கள். புளூ-ரேயில் ஸ்டீவன் வில்சன் செய்த சூழொலிக் கலவை இருக்கிறது. வரலாற்றாளருக்கு இந்தப் பெட்டி பெரும் கொடை. ஆயினும் லைஃப்ஹவுஸ் எந்த வரிசையில் கேட்கப்பட வேண்டும் என்ற கேள்வியை அது எடுக்கவே இல்லை. ஆசிரியர் 2000-ல் சொன்ன வரிசை காலத்தோடு பொருந்தவில்லை. காலத்தோடு பொருந்தும் 2023-ன் அடுக்கு ஒரு படைப்பாக நிற்கவில்லை. இந்த இடைவெளியை எந்த 24 பிட் பிரதியும் நிரப்பாது.

பீச் பாய்ஸ் குழுவின் ‘ஸ்மைல்’ இங்கே நல்ல ஒப்பீடு. பிரையன் வில்சன் 1967-ல் கைவிட்ட அந்த ஆல்பத்தை 2004-ல் அவரே மேடையிலும் தட்டிலும் முழு வடிவில் முடித்துக் கொடுத்தார். 2011-ல் பழைய நாடாக்களைத் தொகுத்து ‘த ஸ்மைல் செஷன்ஸ்’ வெளியிட்டபோது அந்த 2004 வரிசை தொகுத்தவர்களுக்கு வரைபடமாக உதவியது. லைஃப்ஹவுஸுக்கு அப்படி ஒரு வரைபடம் கிடைக்கவில்லை. கிடைக்கவும் முடியாது என்பது என் எண்ணம். ஸ்மைல் ஓர் ஆல்பம். அதன் குறை ஒட்டும் வேலையில் இருந்தது. லைஃப்ஹவுஸின் குறை, அது எதிர்பார்த்த கூட்டம் வராததில் இருந்தது.

அந்தக் கூட்டம் வராததற்கு நேரடிச் சாட்சி யங் விக் நாடா. 1971 ஏப்ரல் 26 அன்று பதிந்தது. ‘ஹூஸ் நெக்ஸ்ட்’ தட்டின் 2003 இரட்டைக் குறுந்தட்டுப் பதிப்பில் பெரும்பகுதி வெளியானது, 2023 பெட்டியில் இன்னும் விரிவாக இருக்கிறது. புதுப் பாடல்கள் முறுக்கேறி வருகின்றன, மூனின் டிரம்ஸ் கட்டுக்கடங்காமல் பாய்கிறது, கச்சேரியாக அருமை. சோதனையாகப் பார்த்தால் எதுவுமே நடக்கவில்லை. கலைஞர்கள் வாசிக்கிறார்கள், வந்தவர்கள் கை தட்டுகிறார்கள். உலகத்தின் எந்த ராக் மேடையிலும் இதுதானே நடக்கிறது? இதைக் கேட்டபின் டவுன்ஷெண்டைச் சுற்றியிருந்தவர்கள் மேல் எனக்கிருந்த கோபம் குறைந்தது. கிளின் ஜான்ஸ் கெடுத்தார், லாம்பர்ட் கெடுத்தார் என்று ரசிகர்கள் குறைபடுவதுண்டு. அவர்கள் என்ன செய்திருந்தாலும், விடை அரங்கிலேயே கிடைத்துவிட்டது.

இனி டெமோக்கள். டவுன்ஷெண்ட் லண்டனின் டுவிக்கன்ஹாம் பகுதியில் தன் வீட்டிலேயே ஒலிப்பதிவுக்கூடம் வைத்திருந்தார். கிதார், பேஸ், டிரம்ஸ், ஆர்கன், குரல் எல்லாம் அவரே. தோழர்களுக்குப் பாட்டைக் கற்றுத்தர எடுத்த மாதிரிப் பதிவுகள் என்று இவற்றைச் சொல்வது வழக்கம். கேட்டால் அப்படித் தோன்றுவதில்லை. தடம் தடமாக அடுக்கிய, அக்கறையோடு கலந்த, முழுமையான பதிவுகள். ‘பாபா ஓ’ரைலி’, ‘வோன்ட் கெட் ஃபூல்டு அகெய்ன்’ இரண்டிலும் வீட்டில் பதிந்த ஆர்கன் தடத்தையே ஜான்ஸ் எடுத்துக்கொண்டார். அதன்மேல்தான் குழு வாசித்தது. பின்னதில் லாவ்ரி ஆர்கனின் ஒலி ஈஎம்எஸ் நிறுவனத்தின் வி.சி.எஸ்.3 சின்தசைசர் வழியாகச் செலுத்தப்பட்டு, வடிகட்டி திறந்து மூடும் தாளத்தில் துடிக்கிறது. நாடாவில் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கும் அந்தத் துடிப்புக்குக் கட்டுப்பட்டு மூன் போன்ற ஒரு காட்டாறு டிரம்ஸ் வாசிக்க வேண்டியிருந்தது. இறுதிப் பாடலின் இறுக்கம் அங்கிருந்து வருகிறது.

டெமோவையும் தட்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் குழு என்ன சேர்த்தது, எதை இழந்தது என்பது துலங்கும். சேர்த்தவை கண்கூடு: டால்ட்ரியின் குரல், ‘பாபா ஓ’ரைலி’யின் முடிவில் டேவ் ஆர்பஸின் வயலின், ‘த சாங் இஸ் ஓவர்’ பாடலில் நிக்கி ஹாப்கின்ஸின் பியானோ. இழந்தது தயக்கம். டவுன்ஷெண்டின் மெல்லிய குரலில் ‘பிஹைண்ட் புளூ ஐஸ்’ ஒரு கதாபாத்திரத்தின் வாக்குமூலமாக, கொஞ்சம் சந்தேகத்துக்கிடமாக ஒலிக்கிறது. டால்ட்ரி பாடியதும் அது வீரப் பாட்டு ஆகிவிடுகிறது. ‘ஹூஸ் நெக்ஸ்ட்’ தட்டில் இடம்பெறாத ‘மேரி’, ‘கிரேஹவுண்ட் கேர்ள்’ போன்ற பாடல்கள் இல்லாமல் கதையில் பெண்ணே இல்லை. அவை டெமோவாக மட்டுமே கைக்கு வந்தன. ‘ப்யூர் அண்ட் ஈஸி’யின் டெமோவைக் கேட்டபின்தான், ‘த சாங் இஸ் ஓவர்’ பாடலின் கடைசியில் அதன் ஓர் அடி மங்கலாக வந்துபோவதன் காரணம் விளங்குகிறது. இவற்றில் நேர்த்தியான பிரதி தேவைப்படுவது தனித்தடங்களின் அடுக்கைக் காது பிரித்தறிவதற்காக. ஒரே மனிதர் எத்தனை பேராக மாறி வாசித்தார் என்பது மூன்றாம் கைக் கேசட்டில் கலங்கிப்போகும். மாஸ்டரிலிருந்து வந்த பிரதியில் ஒவ்வொன்றாகத் தெரியும்.

ஆட்களின் விவரத்திலிருந்து இசை செய்யும் கனவையும் டவுன்ஷெண்ட் விடவில்லை. இசையமைப்பாளர் லாரன்ஸ் பால், நிரலாளர் டேவ் ஸ்னோடன் இருவருடனும் சேர்ந்து 2007-ல் ‘லைஃப்ஹவுஸ் மெத்தட்’ என்ற மென்பொருளைத் திறந்தார். ஒருவர் தன் குரல், படம், ஒரு தாளம் ஆகியவற்றைக் கொடுத்தால் அவருக்கென ஓர் இசைச் சித்திரம் வரும். 10,000-க்கும் மேற்பட்ட சித்திரங்கள் உருவாயின. அடுத்த ஆண்டே திட்டம் நின்றது. பால் அந்த முறையில் அமைத்த இசை 2012-ல் ‘மெத்தட் மியூசிக்’ என்ற தட்டாக வந்தது. ‘பாபா ஓ’ரைலி’ பற்றிய கட்டுக்கதை 36 ஆண்டு கழித்து உண்மையாக்கப்பட்டது என்று இதைச் சொல்லலாம். கேட்க ரம்மியமான, யாருக்கும் பொருந்தக்கூடிய இசைதான் வந்தது. கையால் வாசித்த பொய் இதைவிட நன்றாக இருந்தது.

இழப்பற்ற தொகுப்புகளைப் பற்றிய என் தீர்ப்பு இவ்வளவுதான். அவை ஒலிநாடாவைக் காப்பாற்றிவிட்டன. அந்த வேலையைத் தொடங்கிவைத்த திருட்டுப் பிரதிக்காரர்களுக்கும், அதற்கு ஒழுக்கம் கொடுத்த பெயர் தெரியாதவர்களுக்கும் ராக் வரலாறு கடன்பட்டிருக்கிறது. அவற்றை லைஃப்ஹவுஸ் என்று அழைப்பது மட்டும் மிகை. நிறுவனங்கள் இனி வெளியிடும் எந்தப் பெட்டியிலும் ஒவ்வொரு பதிவுக்கும் எந்த நாடா, எத்தனையாவது தலைமுறை, எப்போது எண்ணாக்கப்பட்டது என்பதை அச்சிட்டுத் தர வேண்டும். பிட் எண்ணிக்கையை உறையில் பெரிதாகப் போடுவதைவிட அது பயன்படும். புதிதாக இதற்குள் நுழைகிறவர்கள் 155 பதிவுகளையும் வரிசையாகக் கேட்கத் தொடங்க வேண்டாம். 1970-71 டெமோக்களை முதலில் கேளுங்கள், பிறகு ‘ஹூஸ் நெக்ஸ்ட்’, அதற்குப் பிறகு யங் விக். கதை வேண்டுமென்றால் வானொலி நாடகம் இருக்கிறது. தொடக்கம் முதல் முடிவுவரை ஒலியில் சொல்லப்பட்ட லைஃப்ஹவுஸ் அது ஒன்றுதான், அதிலும் தி ஹூ இல்லை.